மாஷியின் இத்தாலி பிஸ்கட்

அவரை நினைத்தால் எனக்கு முதலில் வருவது கோபம்தான். அன்பு, சிரிப்பு, சாக்லேட் வாசனை எல்லாம் அதற்குப் பின்னால் வரும். சொந்தக் கணவரையும் கூடவே என்னையும் மாதக்கணக்கில் ஏமாற்றியவர் அவர். ஏமாற்றியதெல்லாம் எங்கள் நல்லதுக்குத்தான் என்பது இன்னும் கடுப்பு. கெட்ட எண்ணத்தோடு ஏமாற்றினால் நாலு வார்த்தை திட்டிவிட்டு அவரவர் வேலையைப் பார்க்கலாம். இவரை என்ன செய்வது?

கொல்கத்தாவில், லேக் கார்டன்ஸில் அவர்களுடைய பழைய மாடி வீடு. கீழே அவரும் கணவரும் இருந்தார்கள். மாடியில் நான் தனியாகக் குடியிருந்தேன். ஐ.டி. வேலைக்காக விருதுநகரிலிருந்து அந்த ஊருக்குப் போனவள் நான். அவர்களோ தாத்தா காலத்திலிருந்தே அங்கே இருக்கும் தமிழர்கள். தெருவே அவரை மாஷி என்று கூப்பிட்டது. நாம் சித்தி என்கிறோமே, அதுதான். அவர் கணவர், வங்கியிலிருந்து ஓய்வு பெற்றவர், எல்லோருக்கும் மேஷோ, அதாவது சித்தப்பா. மேஷோ மனைவியைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டு நான் கேட்டதில்லை. அந்த ஊர்க் கணவர்களைப் போல "ஷுன்ச்சோ" என்பார். கேட்கிறதா என்று அர்த்தம். மாஷிக்கு எல்லாம் கேட்கும். பதில்தான் வராது.

மாஷியிடம் ஒரு குணம் இருந்தது. கையில் கிடைக்கும் எதையும் குறைப்பார். குறைத்ததைப் பற்றி மூச்சுவிட மாட்டார்.

மேஷோ டிவியில் செய்தி வைத்தால் தெருமுனை வரைக்கும் கேட்கும். சத்தத்தைக் குறையுங்கள் என்று மாஷி ஒருநாளும் சொன்னதில்லை. அவர் குளிக்கப் போகும்போது ரிமோட்டை எடுத்து ஒரு புள்ளி இறக்குவார். நாலைந்து நாள் விட்டு இன்னொரு புள்ளி. துர்கா பூஜை வருவதற்குள் மேஷோ நாற்காலியை டிவிக்குப் பக்கத்தில் இழுத்துப் போட்டு உட்கார ஆரம்பித்திருந்தார். கேபிள்காரருக்கு போன் போட்டு, செய்தி படிக்கிற எல்லோரும் வாயை மூடிக்கொண்டு படிக்கிறார்கள் என்று சண்டை பிடித்தார். மாஷி அந்தப் பக்கம் உட்கார்ந்து வெண்டைக்காய் நறுக்கிக்கொண்டிருந்தார். முகத்தில் ஒன்றும் தெரியவில்லை.

எனக்குக் காலைக் காப்பி அவர்கள் வீட்டில்தான். கொஞ்ச நாளாகப் பதினோரு மணிக்கெல்லாம் தலை வலிக்க ஆரம்பித்தது. கண் டாக்டரிடம் போய் வந்தேன், கண்ணாடியும் மாற்றினேன். ஒரு மாதம் கழித்து மாஷி போகிறபோக்கில் சொன்னார்.

"ஆபீஸ்ல போய் நாளெல்லாம் காப்பியாக் குடிக்கற. அதான் இங்க பொடியக் கொறச்சேன்."

"சொல்லக் கூடாதா மாஷி? நான் கண்ணாடியே மாத்திட்டேன்!"

"சொன்னா நீ மேல போய் இன்னொரு டம்ளர் போட்டுக் குடிப்ப."

உண்மைதான், குடித்திருப்பேன். அதனால் சிரித்துவிட்டேன். அவர் செய்ததற்கெல்லாம் இப்படித்தான் ஒரு காலம் வரை சிரித்துக்கொண்டிருந்தேன். தெருப் பூஜைச் சமையலில் தக்காளிச் சட்னி அவர் பொறுப்பு. அந்த ஊரில் சட்னி என்றால் இனிப்பு. பாகு மாதிரி நாக்கில் ஒட்ட வேண்டும். அந்த வருடம் எல்லோரும் சட்னி பிரமாதம் என்று இரண்டாம் முறை கேட்டு வாங்கினார்கள். மாஷி என் காதருகே குனிந்து, "சக்கரை பாதிதான் போட்டேன்" என்றார். அவர் கண்ணில் அன்று பார்த்த சந்தோஷத்தை வேறு எப்போதும் பார்த்ததில்லை.

இதெல்லாம் விளையாட்டு இல்லை. மேஷோவுக்குச் சர்க்கரை நோய் முற்றியிருந்தது. நான் குடிபோவதற்கு முன்பே இடது காலில் ஒரு விரலை எடுத்திருந்தார்கள். அடுத்தது பாதமாக இருக்கலாம் என்று டாக்டர் சொல்லியிருந்தார். ஆனால் மனிதருக்கு இனிப்பு என்றால் உயிர். மூன்று வீடு தள்ளி, தெருமுனையில் மிட்டாய்க் கடை. காலாற நடந்துவிட்டு வருகிறேன் என்று போய், வாயைத் துடைத்துக்கொண்டு வருவார். சொல்லிப் பார்த்து, அழுது பார்த்து, சாப்பிடாமல் கிடந்து பார்த்து, மாஷிக்கு அலுத்துவிட்டது. கடைசியில் கடைக்காரரிடமே போய் நின்றார். என் வீட்டுக்காரருக்கு ஒரு ரசகுல்லா கொடுத்தாலும் உன் கடை வாசலில் உட்கார்ந்து ஒப்பாரி வைப்பேன் என்றார். கடைக்காரர் பயந்துபோனார். அன்றிலிருந்து மேஷோவைக் கண்டால் கும்பிடு மட்டும்தான் போடுவார்.

"இவர்கிட்ட சொன்னா சண்டை வரும். சொல்லாம செஞ்சா சாப்பிட்டுட்டுப் போயிடுவார்" என்பார் மாஷி. அவருடைய வேதமே அதுதான்.

பிஸ்கோட்டி அந்த வீட்டுக்குள் வந்தது அவர்கள் மகளால். அவளுக்கு இத்தாலியில் வேலை. லீவுக்கு வந்தபோது ஒரு தகர டப்பா நிறைய சாக்லேட் பிஸ்கோட்டி கொண்டுவந்தாள். நீளமாக, கறுப்பாக, நடுவே முழு பாதாம் தெரிய, கடித்தால் படக்கென்று உடையும் பிஸ்கட். மேஷோ டீயில் முக்கி முக்கித் தின்றார். "நம்ம டீக்கடை டோஸ்ட் பிஸ்கட்டுக்கு கோட்டு சூட்டு மாட்டி விட்டிருக்காங்க" என்றார். மகள் திரும்பிப் போனாள், டப்பாவும் காலியானது. பிறகு ஒருநாள் மேஷோ காலி டப்பாவைத் திறந்து முகர்ந்துகொண்டிருப்பதை மாஷி பார்த்துவிட்டார். மறுநாளே என்னை இழுத்துக்கொண்டு கரியாஹாட் கடைத்தெருவுக்குப் போனார். கோகோ பவுடரும் பாதாமும் பல் வைத்த ரொட்டிக் கத்தியும் வாங்கினார்.

முதல் தடவை மகள் சொன்னபடியே செய்தார். மைதா, வெண்ணெய், முட்டை, சர்க்கரை, கோகோ எல்லாம் சேர்த்துப் பிசைந்து, கட்டை மாதிரி உருட்டி, லேசாகத் தட்டி ஓவனில் வைக்க வேண்டும். வெந்ததும் எடுத்துக் கொஞ்சம் ஆறவிட்டு, சாய்வாக வில்லை போட்டு, வில்லைகளைப் படுக்க வைத்து இன்னொரு தடவை சுட வேண்டும். மொறுமொறுப்பு வருவது அந்த இரண்டாம் சூட்டில்தான். சுடச்சுட வெட்டினால் உதிர்ந்துவிடும், ரொம்ப ஆறினால் கத்தி இறங்காது. மாஷி உள்ளங்கையை மாவுக் கட்டையின் மேல் வைத்து, கை பொறுக்கிறதா என்று பார்த்துத்தான் கத்தியை எடுப்பார். வெட்டும்போது பேச மாட்டார், பேசவும் விடமாட்டார்.

மேஷோ மூன்று தின்றுவிட்டு, "ஷுன்ச்சோ, இத்தாலிக்காரன் தோத்தான்" என்றார்.

அவ்வளவுதான், மாஷிக்கு வழி கிடைத்துவிட்டது. வெளியே ஏங்குகிறவரை வீட்டுக்குள்ளேயே தின்ன வைத்து, தின்கிற பண்டத்தைக் கொஞ்சம் கொஞ்சமாக இளைக்க வைப்பது. அடுத்த தடவை வெண்ணெய் பாதியானது. அதற்கடுத்து வெண்ணெயே இல்லை. முட்டையில் வெள்ளைக்கரு மட்டும். மைதாவோடு கோதுமை மாவு கலந்தது. பிறகு சர்க்கரையில் கை வைத்தார். அங்கேதான் பிஸ்கட் முறைத்துக்கொண்டது. சர்க்கரை குறைந்தால் மொறுமொறுப்பு போய், மரக்கட்டை மாதிரி ஆகிவிடும். மேஷோ ஒன்றைக் கடித்துவிட்டுக் கன்னத்தைப் பிடித்துக்கொண்டார். "ஷுன்ச்சோ, இதுல வீடு கட்டலாம்." மாஷி தட்டை எடுத்துக்கொண்டு போய்விட்டார்.

ருசி பார்க்க நான். ஒவ்வொரு தடவையும் ஒரு வில்லையைக் கையில் கொடுத்து என் முகத்தையே பார்ப்பார். என்ன போட்டார், என்ன எடுத்தார் என்று சொல்ல மாட்டார். எப்படி என்று மட்டும் கேட்பார். டிசம்பரில் ஒருநாள் கொடுத்த பிஸ்கட் அசலைப் போலவே படக்கென்று உடைந்தது. இனிப்பும் சரியாக இருந்தது. ஆனால் நாக்கில் லேசாக ஒரு குளிர்ச்சி, புதினா தின்ற மாதிரி.

"என்ன மாஷி இது, ஜில்லுன்னு இருக்கு?"

"டிசம்பர் மாசம் ஜில்லுன்னுதான் இருக்கும். இன்னொண்ணு எடுத்துக்க."

சர்க்கரையை இன்னும் குறைத்திருக்கிறார் என்று எனக்குத் தெரியும். எவ்வளவு என்று தெரியாது. உண்மையில் அதில் சர்க்கரையே இல்லை. பார்க்கச் சர்க்கரை மாதிரியே வெள்ளையாக, பொலபொலவென்று இருக்கும் ஒரு மாற்றுப் பொடியை ஆன்லைனில் வாங்கியிருந்தார். இனிக்கும், மொறுமொறுப்பும் தரும். உடம்பில் மட்டும் சர்க்கரையாக ஏறாது. நாக்கில் அந்தக் குளிர்ச்சி அதனால்தான்.

மேஷோவும் சும்மா இருக்கவில்லை. இதெல்லாம் எங்களுக்குப் பின்னால்தான் தெரிந்தது. தினமும் சாப்பாட்டுக்கு முன்னால் அவரே இன்சுலின் போட்டுக்கொள்வார். பேனா மாதிரி இருக்கும் அந்த ஊசியில் எத்தனை யூனிட் என்று திருகி வைக்க வேண்டும். பிஸ்கோட்டி சுடும் வாசனை வந்தால் மனிதர் நாலைந்து யூனிட் கூடத் திருகிவிடுவார். இத்தனை இனிப்பு உள்ளே போகப்போகிறதே, ஈடுகட்ட வேண்டாமா என்று அவருக்கு ஒரு கணக்கு. அவர் ஈடுகட்டிய சர்க்கரையோ அந்தப் பிஸ்கட்டில் இல்லவே இல்லை.

ஜனவரியில் பரிசோதனை முடிவு வந்தது. சர்க்கரை நன்றாக இறங்கியிருந்தது. மாஷி அந்தத் தாளைச் சாமி படத்துக்கு முன்னால் வைத்தார். தன் பிஸ்கட்டால் இறங்கியது என்று அவருக்கு நினைப்பு. தன் ஊசியால் இறங்கியது என்று மேஷோவுக்கு நினைப்பு. இரண்டு பேரும் ஒருவரையொருவர் பார்த்து உள்ளுக்குள் சிரித்துக்கொண்டார்கள்.

அந்த மாதத்திலேயே ஓரிரு சாயங்காலம் மேஷோ காரணமில்லாமல் எரிந்து விழுந்தார். ஒருநாள் குளிர்காலத்தில் சட்டை நனைய வேர்த்து உட்கார்ந்திருந்தார். வயசாகிறது என்று அவரே சொல்லிக்கொண்டார். மாஷி மின்விசிறியைப் போட்டுவிட்டுப் போனார்.

பிப்ரவரியில் ஒரு சனிக்கிழமை மதியம். மாஷி காலையிலேயே மாவு உருட்டிவிட்டார். வீடெல்லாம் கோகோ மணந்தது. மேஷோ சோற்றைக் கொஞ்சமாகச் சாப்பிட்டார், பிஸ்கட்டுக்கு இடம் வேண்டுமென்று. அந்தச் சோற்றிலும் பாதி, துருவி அவித்த காலிபிளவர் என்பது அவருக்குத் தெரியாது, எனக்கும் தெரியாது. இரண்டாம் சூடு முடிந்து தட்டு மேஜைக்கு வந்ததும் இரண்டு தின்றார். டீயைப் பாதி குடித்தார். பிறகு தலையை நிமிர்த்தி என்னைப் பார்த்து, "அந்த ஃபைல் எங்கே வெச்ச? மேனேஜர் கேக்கறார்" என்றார் பெங்காலியில்.

தமாஷ் என்று நினைத்துச் சிரித்தேன். அவர் சிரிக்கவில்லை. நெற்றியிலிருந்து வேர்வை சொட்டுச் சொட்டாக மேஜையில் விழுந்தது. கையைத் தொட்டேன், சில்லென்று இருந்தது. கப்பை வைக்கப் போனவர் மேஜையைத் தவறவிட்டார். கப் தரையில் உடைந்தது.

என் அப்பாவும் சர்க்கரை நோயாளிதான். இந்த வேர்வை எனக்குத் தெரியும்.

"மாஷி, சுகர் எறங்கிடுச்சு. இனிப்பு ஏதாவது குடுக்கணும்!"

"ஏறியிருக்கும்டி. எங்கயோ போய்த் திருட்டுத்தனமா இனிப்பு தின்னுட்டு வந்திருப்பார். நீ எதையும் குடுக்காத, நான் மெஷின் எடுத்துட்டு வரேன்."

மெஷின் அலமாரியில் இருந்தது. அவர் அதைத் தேடப் போன நேரத்தில் நான் தட்டிலிருந்த பிஸ்கட்டை எடுத்து, என் கப்பிலிருந்த டீயில் ஊறவைத்து, மேஷோவின் வாயில் வைத்தேன். கையால் தள்ளினார். திட்டினார். பிறகு மென்றார். இன்னொன்று கொடுத்தேன். மாஷி திரும்பி வந்து பார்த்தார். தடுப்பார், சண்டைக்கு வருவார் என்று நினைத்தேன். அவர் நிதானமாகச் சொன்னார்.

"அதக் குடுக்கறியா, குடு. அது ஒண்ணும் பண்ணாது."

விரலில் குத்தி ரத்தம் எடுத்தோம். கருவியில் முப்பத்தெட்டு என்று வந்தது. மாஷி அந்த எண்ணைப் பார்த்துக்கொண்டே நின்றார். அவர் எதிர்பார்த்தது முந்நூறு, நானூறு. இத்தனை காலம் சர்க்கரை ஏறுவதைப் பார்த்தே நடுங்கியவருக்கு, அது இப்படி அதலபாதாளத்துக்கும் போகும் என்பது கண்ணுக்கு முன்னால் வந்து நின்றும் புரியவில்லை.

எனக்கு அப்போதுதான் அந்த வாக்கியம் உறைத்தது.

"ஏன் மாஷி ஒண்ணும் பண்ணாது?"

மேஷோவின் தலை ஒரு பக்கமாகச் சாய ஆரம்பித்திருந்தது.

"மாஷி! இந்தப் பிஸ்கட்ல என்ன இருக்கு?"

"சக்கரை இல்லடி" என்றார். கணவருக்குக் கேட்டுவிடுமோ என்று அப்போதும் குரலைத் தாழ்த்தித்தான் சொன்னார். "கொஞ்சம்கூட இல்ல."

சமையலறைக்கு ஓடினேன். சர்க்கரை டப்பாவை எடுத்தேன். பின்னாலேயே வந்தவர் என் கையைப் பிடித்தார்.

"அதுவும் அந்தப் பொடிதான்."

"வெல்லம்? தேன்?"

"வீட்ல எதுவும் வெச்சுக்கறதில்ல. இவர் தேடி எடுத்துருவார்னு."

"சரி, நான் மேல போய் என் டப்பாவை எடுத்துட்டு வரேன்" என்று மாடிப்படியில் கால் வைத்தேன். என் மளிகைச் சாமானெல்லாம் அவர்தான் தன் சாமானோடு சேர்த்து வாங்கி நிரப்பி வைப்பார். எனக்கு அது பெரிய உபகாரமாக இருந்தது.

கீழேயிருந்து மாஷியின் குரல் வந்தது. "ஒன் டப்பாலயும் அதேதான்."

அந்த ஒரு நிமிஷத்தில் அவரை அறைந்திருப்பேன். நேரமில்லை. செருப்புக்கூடப் போடாமல் தெருவில் ஓடினேன்.

கொல்கத்தாவில் மதிய நேரத்தில் கடைகள் தூங்கும். மிட்டாய்க் கடையின் ஷட்டர் முக்கால்வாசி இறங்கியிருந்தது. குனிந்து உள்ளே பார்த்தேன். கடைக்காரர் பெஞ்சில் படுத்து முகத்தில் துண்டைப் போட்டிருந்தார். அந்த ஊர் வழக்கப்படி அண்ணா என்று கூப்பிட்டபடியே ஷட்டரைக் கையால் அடித்தேன்.

"தாதா! ரசகுல்லாப் பாகு கொடுங்க! சீக்கிரம், மேஷோவுக்கு!"

அவர் எழுந்து உட்கார்ந்தார். மேஷோவின் பெயர் காதில் விழுந்ததும் இரண்டு கையையும் தூக்கிவிட்டார்.

"ஓ ரே பாபா! மாஷிமா என்னைக் கொன்னுடுவாங்க. மேஷோவுக்கு இல்லை, மேஷோவுக்குக் கிடையவே கிடையாது!"

எனக்குத் தெரிந்த அரைகுறை பெங்காலி அத்தனையும் அந்த நேரத்தில் மறந்துபோனது. தமிழிலேயே கத்தினேன். "செத்துருவாருய்யா! குடுய்யா!" அது என்ன மொழியாக இருந்தால் என்ன, அவருக்குப் புரிந்துவிட்டது. ஒரு மண் கலயத்தைப் பாத்திரத்துக்குள் முக்கிப் பாகோடு எடுத்து என் கையில் கொடுத்துவிட்டு, ஷட்டரைத் தள்ளித் திறந்து அவரும் பின்னாலேயே ஓடி வந்தார்.

மேஷோவுக்கு இன்னும் விழுங்குகிற அளவுக்கு நினைவு இருந்தது. அது எங்கள் அதிர்ஷ்டம். கடைக்காரர் அவரை நிமிர்த்திப் பிடித்துக்கொள்ள, ஸ்பூனால் கொஞ்சம் கொஞ்சமாகப் பாகைக் கொடுத்தேன். முதல் வாய் உதட்டோரமாக வழிந்தது. அடுத்தது இறங்கியது. மாஷி சுவரோரமாக நின்று ஒவ்வொரு ஸ்பூனையும் பார்த்துக்கொண்டிருந்தார். எந்தக் கடைக்காரரை மிரட்டிவிட்டு வந்தாரோ அவருடைய கையில் கணவர் கிடந்து சர்க்கரைப் பாகு குடிக்கிறார். கலயம் பாதி காலியானபோது மேஷோ கண்ணைத் திறந்து, "ரசகுல்லா எங்க? வெறும் பாகுதானா?" என்றார் தமிழில்.

கடைக்காரர் தரையில் உட்கார்ந்து அழுதார். மாஷி அழவில்லை.

போட்ட ஊசி இன்னும் உள்ளே வேலை செய்துகொண்டிருக்கும், மறுபடி இறங்கும் என்று எனக்குத் தெரியும். டாக்ஸியில் பக்கத்து நர்சிங் ஹோமுக்குக் கொண்டுபோனோம். குளுக்கோஸ் ஏற்றினார்கள். சாயங்காலம் ஓர் இளம் டாக்டர் வந்து, எத்தனை யூனிட் போட்டீர்கள் என்று கேட்டார். மேஷோ மனைவியை ஒரு பார்வை பார்த்துவிட்டு உண்மையைச் சொன்னார். என்ன சாப்பிட்டார், அதில் எவ்வளவு சர்க்கரை என்று டாக்டர் மாஷியைக் கேட்டார். மாஷியும் சொன்னார். இந்தத் தடவை குரலைத் தாழ்த்தவில்லை.

கட்டிலில் இருந்தவர் மெதுவாகத் திரும்பினார்.

"எப்பலேர்ந்து?"

"டிசம்பர்லேர்ந்து. நீங்க?"

"பிஸ்கட் பண்ண ஆரம்பிச்சதுலேர்ந்து."

டாக்டருக்குத் தமிழ் தெரியாது. ஆனாலும் அவர் அடுத்த கேள்வியைக் கேட்காமல் நின்றார்.

மேஷோ கோபப்படுவார் என்று நினைத்தேன். கோபப்பட்டிருந்தால் நன்றாக இருந்திருக்கும். மாஷியும் பதிலுக்குக் கத்தியிருப்பார், இரண்டு நாள் பேசாமல் இருந்துவிட்டு மூன்றாம் நாள் சேர்ந்துகொண்டிருப்பார்கள். அவரோ விட்டத்தைப் பார்த்துக்கொண்டு, "சோத்துலயும் ஏதாவது பண்ணியிருக்கியா?" என்று கேட்டார். மாஷி தலையாட்டினார். "டீல?" அதற்கும் தலையாட்டினார். அதற்கு மேல் அவர் கேட்கவில்லை.

வீட்டுக்கு வந்த பிறகு எல்லாம் ஒழுங்குக்கு வந்தது. டாக்டர் சொன்ன யூனிட்டுக்கு மேல் மேஷோ திருகுவதில்லை. மாஷி கரியாஹாட் போய் நிஜச் சர்க்கரை வாங்கி வந்தார். என் டப்பாவைக் கொட்டிக் கழுவி நிரப்பிவிட்டு, "பாத்துக்க" என்று திறந்து காட்டினார். மார்ச்சில் ஒரு ஞாயிற்றுக்கிழமை மறுபடி பிஸ்கோட்டி சுட்டார். டாக்டரிடம் கேட்டு, அளவாகச் சர்க்கரை போட்டது. தட்டை மேஜையில் வைத்துவிட்டு, நான் ஒருநாளும் பார்த்தறியாத காரியத்தைச் செய்தார். தானாகவே வாயைத் திறந்து சொன்னார்.

"இதுல நிஜ சக்கரை. கொஞ்சமாத்தான் போட்டிருக்கேன். வெண்ணெய் இல்ல. மாவுல பாதி கோதுமை. கோகோ வழக்கம்போல."

மேஷோ ஒன்றை எடுத்தார். வாய்க்கு அருகே கொண்டுபோனவர் நிறுத்தினார். கையைத் திருப்பி என் பக்கம் நீட்டினார்.

"நீ சாப்பிட்டுச் சொல்லும்மா."

முகத்தில் வன்மம் ஒன்றும் இல்லை. சிரித்துக்கொண்டுதான் நீட்டினார். நான் மாஷியைப் பார்த்தேன். அவர் தட்டின் ஓரத்தில் கிடந்த தூளை விரலால் ஒதுக்கிக்கொண்டிருந்தார். வாங்கிக் கடித்தேன். குளிர்ச்சி இல்லை.

"சக்கரை இருக்கு மேஷோ."

அதற்குப் பிறகு அவர் இன்னொன்று எடுத்துத் தின்றார். நன்றாக இருக்கிறது என்றும் சொன்னார். மாஷி அதைக் கேட்டுக்கொண்டே உள்ளே போனார்.

அன்றோடு முடியும் என்று நினைத்தேன், முடியவில்லை. டீ, சோறு, பாயசம், எது வந்தாலும் முதல் வாய் எனக்குத்தான். நான் வீட்டிலிருந்தே வேலை பார்க்கிற நாட்களில், மீட்டிங்கின் நடுவில் கீழேயிருந்து கூப்பிடுவார். மைக்கை அணைத்துவிட்டு ஓடிவந்து ஒரு ஸ்பூன் சாப்பிட்டுவிட்டுப் போவேன். நான் பெங்களூருக்கு வேலையாகப் போயிருந்த நாட்களில் அவித்த முட்டையும் வாழைப்பழமும் மட்டும் சாப்பிட்டாராம். திரும்பி வந்ததும் என்னிடம் சொன்னார், "வாழைப்பழத்துக்குள்ள போய் யாரும் ஒண்ணும் பண்ண முடியாதே." மாஷி பக்கத்தில்தான் நின்றிருந்தார். எனக்கு இரண்டு பேரையும் பிடித்து உலுக்க வேண்டும் போலிருந்தது. மாஷியைப் பார்த்து நான் முதன்முதலாகப் பரிதாபப்பட்டதும் அன்றைக்குத்தான். அந்த மனிதருக்காகச் சமைத்த முப்பது வருடச் சாப்பாடும் அவருக்கு இப்போது சந்தேகமாகப் போய்விட்டது.

மாஷி சொல்வதை மட்டும் நிறுத்தவில்லை. எந்தப் பண்டத்தை மேஜையில் வைத்தாலும் அதில் உள்ளதையெல்லாம் சொல்லிக்கொண்டே வைப்பார். உப்பு, எண்ணெய், தேங்காய் என்று ஒவ்வொன்றாக, கணவர் முகத்தைப் பார்த்துச் சொல்வார். மேஷோ பொறுமையாகக் கேட்பார். கேட்டுவிட்டுத் தட்டை என் பக்கம் நகர்த்துவார்.

அடுத்த வருடம் எனக்குச் சென்னைக்கு மாற்றல் வந்தது. சாமானெல்லாம் ஏற்றிய பிறகு மேஷோவிடம் சொல்லிக்கொண்டு வந்தேன். மாஷி கேட் வரைக்கும் கூடவே வந்தார். டாக்ஸிக் கதவைத் திறந்து என் பையை வைத்தவர், கதவை மூடவில்லை.

"நீ போயிட்டா இவர் சாப்பாட்டுக்கு என்ன பண்ணுவார்?"

"நீங்க இருக்கீங்களே மாஷி. எல்லாத்தையும் வெளிப்படையாத்தானே இப்ப சொல்றீங்க."

"நான் சொல்றேன்" என்றார். "அவர் நம்பணுமே."